சினிமாப் பக்கத்தில் எங்கள் மலைக்கும் ஒரு மூலை தாருங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன ஞாயிறு உங்கள் பத்திரிகையில் பழைய சினிமா பற்றி வந்த கட்டுரையை வாசித்தேன். தியேட்டர்கள் மூடுகின்றன, சினிமா செத்துக்கொண்டிருக்கிறது என்று எழுதியிருந்தார்கள். மனம் நொந்து எழுதியிருக்கிறார் என்பது தெரிகிறது, அதில் எனக்குக் குறையில்லை. ஆனால் வாசித்து முடித்த பிறகும் ஏதோ ஒன்று உறுத்திக்கொண்டே இருந்தது. கட்டுரை முழுக்கச் சென்னையும் கொழும்பும்தான். அந்தப் படங்களையெல்லாம் குளிரிலும் அட்டைக்கடியிலும் நாலு மைல் நடந்து வந்து பார்த்த மலையகத் தேயிலைத் தோட்டத்துச் சனம் அதில் ஒரு வரியில்கூட இல்லை. அதனால்தான் இந்தக் கடிதம். கொஞ்சம் நீளமாகத்தான் வரும், முடிந்தால் வெட்டாமல் போடுங்கள்.

என் அப்பா தியேட்டர் ஒப்பரேட்டர். தோட்டத்தில் கவ்வாத்து, அதாவது தேயிலைச் செடியின் கிளை, வெட்டிக்கொண்டிருந்தவர், 1960களின் கடைசியில் அந்த வேலையை விட்டுவிட்டு டவுன் தியேட்டரில் டிக்கெட் கிழிக்கச் சேர்ந்தார், ரெண்டு வருடத்தில் மெசின் ரூமுக்குப் போய்விட்டார். அம்மா கொழுந்து எடுத்துக்கொண்டே இருந்ததால் லயத்துக் காம்பரா, அதாவது தோட்டத்தில் தரும் வரிசை வீட்டு அறை, எங்கள் கையை விட்டுப் போகவில்லை. அப்பாவுக்கு ராத்திரிச் சாப்பாடு கொண்டுபோவது என் வேலை. அப்படித்தான் அந்த மெசின் ரூம் எனக்குப் பழக்கம்.

அந்த அறையைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் இன்றைய பிள்ளைகளிடம் சொன்னால் நம்ப மாட்டேன் என்கிறார்கள். பல்ப் கிடையாது. பென்சில் மாதிரி ரெண்டு கார்பன் குச்சிகளை எதிரெதிரே வைத்து, நுனிகளை ஒருதரம் முட்டவிட்டுப் பிரித்தால் நடுவில் வெள்ளையாக ஒரு நெருப்பு நிற்கும், வெல்டிங் வெளிச்சம் மாதிரி. அந்த வெளிச்சம்தான் பிலிமுக்குள் புகுந்து திரையில் படமாக விழும். குச்சி எரிந்து குறையக் குறைய இடைவெளியைச் சரிபண்ணிக்கொண்டே இருக்க வேண்டும், கொஞ்சம் அசந்தால் திரை மஞ்சளடிக்கும், கலரியில் இருந்து விசில் வரும். புகை போவதற்குக் கூரைக்கு மேலே தகரக் குழாய். மூன்று மணி நேரப் படம் என்றால் 16,000 அடிக்கு மேல் பிலிம், நிமிடத்துக்கு 90 அடி ஓடும். மெசின் ரெண்டு. ஒன்றில் ரீல் முடியப் போகும்போது திரையின் வலது மேல் மூலையில் ஒரு பொட்டு தெரிந்து மறையும். முதல் பொட்டுக்கு அடுத்த மெசினின் மோட்டாரைப் போட வேண்டும், ரெண்டாவது பொட்டுக்குப் படத்தை அதற்கு மாற்றிவிட வேண்டும், இடையில் இருப்பது சில விநாடிதான். கீழே உட்கார்ந்திருக்கும் யாருக்கும் அந்தப் பொட்டு கண்ணில் படாது. எனக்கு மட்டும் கதையை விட்டுவிட்டுக் கண் அந்த மூலைக்கே போகும், இன்றைக்கும் டிவியில் பழைய படம் ஓடினால் அங்கேதான் போகிறது. எரிந்து மிஞ்சிய கார்பன் துண்டுகளை அப்பா காற்சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வருவார். மேலே செப்புத் தோல், உள்ளே கரி. எங்கள் லயத்தில் இஸ்தோப்பு என்கிற முன்திண்ணைச் சுவர் முழுக்கப் பிள்ளைகள் அதால்தான் கிறுக்கி வைத்திருந்தோம்.

படம் எங்கள் டவுனுக்கு வந்து சேர்வதே பெரிய கதை. 1972இல் அரசாங்கம் திரைப்படக் கூட்டுத்தாபனத்தைத் தொடங்கிய பிறகு இறக்குமதி, விநியோகம் எல்லாம் அதன் கைக்குப் போனது. நாட்டில் அந்நியச் செலாவணி இல்லாத காலம், இந்தியப் படங்கள் எண்ணித்தான் வரும். வந்த பிரதி கொழும்பு, யாழ்ப்பாணம் என்று ஓடித் தேய்ந்து கடைசியில்தான் மலைக்கு ஏறும். அதற்குள் திரையில் கோடு கோடாக மழை பெய்ய ஆரம்பித்திருக்கும். அறுந்த இடத்தை அப்பா பிளேடால் சுரண்டி, பிலிம் ஒட்டும் சிமெந்து தடவி ஒட்டுவார், ஒவ்வொரு ஒட்டுக்கும் கொஞ்சம் படம் போய்விடும். ஒரு பாட்டு சரணமே இல்லாமல்தான் எங்கள் டவுனில் பல வருடம் ஓடியது. அந்தச் சரணம் பாட்டுப் புத்தகத்தில் இருந்தது, ரேடியோவிலும் கேட்டிருந்தோம், படத்தில் மட்டும் பார்த்ததில்லை.

ஆனாலும் கூட்டத்துக்குக் குறைவில்லை. சம்பளம் போட்ட வார சனிக்கிழமை என்றால் மத்தியானமே மலைப்பாதை முழுக்க ஆட்கள் வரிசையாக இறங்கி வருவார்கள். பெண்கள் பெட்டியில் மடித்து வைத்த நல்ல சேலையைக் கட்டியிருப்பார்கள், கைக்குழந்தை கம்பளிக்குள் இருக்கும். ரெண்டாம் ஆட்டம் விட்டுத் திரும்பும்போது ராத்திரி ஒரு மணி தாண்டிவிடும், பந்தம் பிடித்துக்கொண்டு, படத்தின் கதையைத் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டு ஏறுவோம். மறுநாள் ஞாயிறு தண்ணீர் பிடிக்கும் பீலிக்கரையில் அதே கதை மறுபடி ஓடும், பார்க்காதவர்களுக்கும் படம் அப்படித்தான் போய்ச் சேர்ந்தது. எம்.ஜி.ஆர். படமென்றால் சொல்லவே வேண்டாம். அவர் 1917இல் கண்டிப் பக்கத்தில் பிறந்தவர், அதனால் எங்கள் ஆட்களுக்கு அவர் சொந்தக்காரர். அவரும் சரோஜாதேவியும் 1965இல் இலங்கைக்கு வந்ததை என் அம்மா சாகும்வரை நேற்று நடந்தது போலச் சொல்லிக்கொண்டிருந்தார்.

டவுனுக்கு வர முடியாதவர்களுக்குத் திருவிழாவில் படம். பிரட்டுக்களத்தில் ரெண்டு கம்பு நட்டு வெள்ளை வேட்டியைக் கட்டுவார்கள், 16 மில்லிமீட்டர் மெசின் ஒன்று ஜெனரேட்டரோடு லொறியில் வரும். வேட்டிக்கு முன்னால் இடம் கிடைக்காதவர்கள் பின்னால் போய் உட்காருவார்கள். அங்கே படம் இடது வலது மாறித் தெரியும், கதாநாயகன் இடது கையால் வாள் வீசுவார், யாருக்கும் அது ஒரு பொருட்டில்லை. காலையில் வேலைக்குப் பேர் போட நிற்கிற அதே களத்தில், துரையும் கங்காணியும் நின்று அதட்டுகிற அதே இடத்தில், ராத்திரி எல்லோரும் ஒன்றாக உட்கார்ந்து சிரித்தார்கள், அழுதார்கள். அதை நான் பார்த்தேன்.

ரேடியோவைப் பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள், இலங்கை வானொலியின் மயில்வாகனன், கே.எஸ். ராஜா, அப்துல் ஹமீட் குரலெல்லாம் தமிழ்நாட்டிலேயே காத்திருந்து கேட்ட குரல்கள். ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன், எங்கள் லயத்தில் பன்னிரண்டு வீட்டுக்கும் சேர்த்து ஒரே ரேடியோ, அது இருந்த வீட்டு இஸ்தோப்பில்தான் எல்லோரும்.

1983 ஜூலைக் கலவரத்தைத் தாண்டிப் போக முடியாது. கொழும்புக்குப் பக்கத்தில் ஹெந்தளையில் இருந்த விஜயா ஸ்டூடியோவை எரித்தார்கள். சினிமாஸ் என்ற படக் கம்பெனி வைத்திருந்த குணரத்தினத்தின் ஸ்டூடியோ அது. அதோடு எத்தனையோ படங்களின் நெகட்டிவ்கள் போய்விட்டன, தமிழ்ப் படம் மட்டுமில்லை, சிங்களப் படங்களும்தான். நெகட்டிவ் என்றால் படத்தின் தாய், அது எரிந்தால் பிறகு பிரதி போட வழியில்லை என்று அப்பா அன்றைக்கு விளங்கப்படுத்தினார். எங்கள் டவுன் தியேட்டர் பல நாள் பூட்டிக் கிடந்தது. திறந்த பிறகு ராத்திரி ஆட்டத்துக்குத் தோட்டத்தில் இருந்து ஆட்கள் இறங்கவில்லை. பயம்தான் காரணம். பந்தம் பிடித்துப் பேசிக்கொண்டு போன அந்தப் பாதையில் அதற்குப் பிறகு இருட்டின பின் யாரும் தமிழில் சத்தம் போட்டுப் பேசியதில்லை. தியேட்டரைக் கொன்றது டிவி என்று கட்டுரையில் எழுதியிருந்தீர்கள். எங்கள் லயங்களுக்கு டிவி வருவதற்கு முன்னாலேயே பயம் வந்துவிட்டது.

டிவியும் வந்தது. 1982 பெப்ரவரியில் அரசாங்க டிவியான ரூபவாஹினி தொடங்கியது. அதற்கான ஒளிபரப்புக் கோபுரம் ஒன்றை பிதுருதலாகலை உச்சியில் வைத்தார்கள், நாட்டிலேயே உயரமான மலை, 2,524 மீட்டர், எங்கள் நுவரெலியாவில். நாடு முழுக்கப் படம் போனது எங்கள் தலைக்கு மேலே இருந்துதான். அந்த மலையைப் பார்த்துக்கொண்டிருந்த லயங்களில் கரண்ட் இல்லை. தோட்டத்தில் எங்கள் டிவிசனுக்கு லைன் இழுத்தது அதற்குப் பல வருடம் கழித்து. அதுவரைக்கும் கார் பெட்டரியில் ஓடுகிற சின்னக் கறுப்பு வெள்ளை டிவி, பெட்டரி இறங்கினால் தலையில் சுமந்து டவுனுக்குக் கொண்டுபோய்ச் சார்ஜ் ஏற்ற வேண்டும்.

அப்புறம் டெக் என்கிற வீடியோ கெசட் மெசின் காலம். சடங்கு, கல்யாணம், கருமாதி எதுவானாலும் டிவியும் டெக்கும் வாடகைக்கு எடுத்து விடிய விடியப் படம் போடுவார்கள். ராத்திரிக்கு மூன்று படம், நடுவில் தேத்தண்ணி. கெசட் எத்தனையாவது பிரதியின் பிரதியோ தெரியாது, முகமே மங்கலாகத்தான் இருக்கும். ஆனாலும் ஒன்று கவனியுங்கள், அப்போதும் ஒரு வீட்டில் அறுபது பேர் சேர்ந்துதான் பார்த்தோம். சேர்ந்து பார்ப்பது நின்றது டிஷ் வந்து வீட்டுக்கு வீடு டிவி வந்த பிறகு. பின்னேரம் ஆறு மணிக்கு மேல் லயத்தில் நடந்தால் எல்லாக் காம்பராவில் இருந்தும் ஒரே சீரியல் ஒரே வசனம், ஆனால் கதவு எல்லாம் சாத்தியிருக்கும். இப்போது அதுவும் இல்லை. ஒரே காம்பராவில் நாலு பேர் நாலு போனைப் பார்த்துக்கொண்டு நாலு மூலையில். பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பராவில் நாலு மூலை எவ்வளவு தூரம் என்று உங்களுக்குத் தெரியும்.

இதற்காக நான் பழசைத் தூக்கிப் பிடிக்கப் போவதில்லை. பழைய காலம் பொற்காலம் என்று எழுதுபவர்கள் அந்த மழையில் நாலு மைல் நடந்து பார்க்கட்டும். இன்றைக்குச் சென்னையில் வெளியாகிற நாளிலேயே படம் இலங்கையிலும் வெளியாகிறது, படப் பெட்டிக்காக மாதக்கணக்கில் காத்திருக்கத் தேவையில்லை, கோடு விழுவதில்லை, எந்தத் தியேட்டரில் பார்த்தாலும் சரணம் இருக்கிறது. இதெல்லாம் நல்லதுதான். ஆனால் எங்கள் டவுன் தியேட்டர் மூடியாகிவிட்டது, படம் பார்க்கத் தூரத்து நகரத்துக்குத்தான் போக வேண்டும். நாட்சம்பளம் 1,000 ரூபாயாக வேண்டும் என்று வருடக்கணக்காகக் கத்தி 2021இல்தான் வாங்கிய சனம் பிள்ளைகுட்டியோடு பஸ் ஏறிப் போய்ப் படம் பார்க்குமா?

அப்பா 2014இல் காலமானார். அதற்குச் சில மாதம் முன்பு ஒரு நாள் அவரைக் கூட்டிக்கொண்டு போய் ஒரு புதுத் தியேட்டரின் மெசின் ரூமைக் காட்டினேன், அங்கே வேலை செய்கிற பையன் எங்கள் பக்கத்துப் பிள்ளை. கார்பன் இல்லை, ரீல் இல்லை, ஒட்டும் மேசை இல்லை. ஒரு கம்பியூட்டர், ஒரு பெரிய புரொஜெக்டர், படம் ஒரு சின்னப் பெட்டியில் வருகிறது, அதைத் திறக்கத் தனியாகப் பூட்டுச் சாவி மாதிரி ஒரு இலக்கம் வருகிறது, அந்த இலக்கத்துக்கும் நாள் கணக்கு உண்டு. அப்பா எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "பிலிம் செய்யிற கம்பெனி எல்லாம் என்னடா ஆச்சு?" என்று கேட்டார். 2012இல் கொடாக் வங்குரோத்தாகி நீதிமன்றத்துக்குப் போனதையும், அடுத்த வருடம் புஜி சினிமாப் பிலிம் தயாரிப்பதையே நிறுத்தியதையும் அந்தப் பையன்தான் சொன்னான். அப்பா ரொம்ப நேரம் ஒன்றும் பேசவில்லை. கீழே இறங்கி வந்த பிறகு, "பிலிம் இல்லேன்னா படம் எடுக்கக் காசு கம்மியாத்தானே இருக்கும், அப்ப நம்ம பிள்ளைகளும் எடுக்கலாமே" என்றார்.

ஆசிரியர் ஐயா, நான் சொல்ல வந்ததே இதுதான். பிலிமுக்குக் காசு இருந்தவன்தான் படம் எடுத்தான். ஒவ்வொரு அடிக்கும் காசு, கழுவுவதற்குக் காசு, பிரதி போடுவதற்குக் காசு. அதனால் நாங்கள் பார்க்கப் பிறந்தவர்களாகவே இருந்துவிட்டோம். 1977இல் பாரதிராஜா ஸ்டூடியோவை விட்டு வெளியே வந்து கமராவைக் கிராமத்துக்குத் தூக்கிக்கொண்டு போனார், தமிழ்நாட்டுச் சினிமாவே மாறியது. அந்தக் கமரா கடல் தாண்டி எங்கள் லயத்துக்கு வரவில்லை.

முயற்சி செய்தவர்கள் இல்லாமல் இல்லை, அவர்களை நன்றியோடு நினைக்கிறேன். இலங்கையில் தயாரான ஆரம்பகாலத் தமிழ்ப் படங்களில் ஒன்றே 1963இல் வந்த தோட்டக்காரிதான். தொழிற்சங்கத் தலைவர் வி.பி. கணேசன் சொந்தக் காசைப் போட்டு, தானே நடித்து, 1975இல் புதிய காற்று, 1978இல் நான் உங்கள் தோழன், 1981இல் நாடு போற்ற வாழ்க என்று மூன்று படம் தந்தார். தமிழ்நாட்டுப் படத்தோடு போட்டி போட்டு இந்தச் சின்னச் சந்தையில் மூன்று படம் எடுப்பதென்றால் அதற்கு எவ்வளவு நெஞ்சுறுதி வேண்டும். 2013இல் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் கற்பித்த சுமதி சிவமோகன் மலையகத்து மக்களை வைத்தே இங்கிருந்து என்ற படத்தை எடுத்தார். உங்கள் வாசகர்களில் எத்தனை பேர் அதைப் பார்த்திருப்பார்கள்? என் தோட்டத்தில் யாரும் பார்க்கவில்லை, பார்க்க ஒரு இடம் இருக்கவில்லை. அதே வருடம் வந்த பாலாவின் பரதேசி மட்டும் லயம் லயமாகப் போனது. அது இந்தியப் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்துக் கதை. என் அம்மா அதைப் பாதியில் நிறுத்தச் சொல்லிவிட்டு வெளியே போய் உட்கார்ந்துகொண்டார். எங்க அப்பாயி சொன்னதெல்லாம் அப்படியே வருது, பார்க்க முடியலை என்றார்.

2021இல் அந்த எஞ்சாமிப் பாட்டு வந்ததே, உலகம் முழுக்க ஆடினார்களே, அதை எழுதிப் பாடிய அறிவின் பாட்டி வள்ளியம்மாள் இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் வேலை செய்து, பிறகு தமிழ்நாட்டுக்குத் திரும்பிப் போனவர். பேரன் பாட்டிலேயே பாட்டியின் பெயரைச் சொல்கிறார். 1964 சிறிமா சாஸ்திரி ஒப்பந்தத்தில் எங்கள் ஆட்களில் 525,000 பேரை இந்தியாவுக்கு அனுப்புவதென்று ரெண்டு அரசாங்கமும் கையெழுத்துப் போட்டன, எங்கள் லயத்தில் இருந்தும் என் சித்தப்பா குடும்பம் போனது, ஸ்டேசனில் ரயிலைப் பிடித்துக்கொண்டு அழுதது எனக்கு ஞாபகம் இருக்கிறது. எங்கள் மண்ணில் மிதிபட்ட ஒரு கிழவியின் கதை கடல் தாண்டிப் போய், பேரன் வாயில் பாட்டாகி, போனில் ஏறி எங்களிடமே திரும்பி வந்தது. அதைக் கேட்டு எங்கள் பிள்ளைகள் ஆடினார்கள், நல்லாத்தான் ஆடினார்கள். ஆனால் அதே மாதிரிக் கிழவிகள் இங்கே ஒவ்வொரு லயத்திலும் இருக்கிறார்கள். அவர்களிடம் போய் உட்கார்ந்து என்ன பாட்டு தெரியும் என்று யாரும் கேட்கவில்லை. மலையக எழுத்தாளர் சி.வி. வேலுப்பிள்ளை அந்தக் காலத்திலேயே தோட்டம் தோட்டமாகப் போய் அந்தப் பாட்டுகளைக் கேட்டு எழுதி வைத்தார். அவர் கையில் இருந்தது பேனா மட்டும்தான்.

கூத்தையும் சொல்ல வேண்டும். மன்மதனை எரிக்கும் காமன் கூத்தும் பொன்னர் சங்கரும் அருச்சுனன் தபசும் எங்கள் ஆட்கள் இருநூறு வருடத்துக்கு முன்னால் வந்தபோது மூட்டையோடு கொண்டுவந்தவை. ரதியாக ஆடும் பையன் விரதம் இருப்பான், தப்பு என்கிற பறையைக் காய்ச்சி அடிக்கும் சத்தம் மலைக்கு மலை கேட்கும். இன்றைக்குத் திருவிழா என்றால் மியூசிக்கல் ஷோதான், டிஜேதான், பாடசாலைக் கலைவிழாவில் ஆறு வயதுப் பிள்ளை சினிமாக் குத்துப்பாட்டுக்கு ஆடுகிறது, நாம் கைதட்டுகிறோம். முப்பது வருடம் ஆசிரியராக இருந்தவன் நான், அந்த மேடைகளில் நானும் உட்கார்ந்திருந்தேன், தடுத்திருக்க வேண்டும், தடுக்கவில்லை. அது என் மனதில் இருக்கிறது. எங்கள் டிவிசனில் காமன் பாட்டு முழுவதும் தெரிந்த வாத்தியார் ஒருவர்தான் மிச்சம், எண்பது தாண்டிவிட்டார், கண்ணும் தெரியவில்லை. அவர் கொப்பியில் எழுத்து அழிந்துகொண்டே வருகிறது, மனதில் மட்டும் அத்தனையும் இருக்கிறது.

சரி, இனி நல்ல செய்தி ஒன்று சொல்கிறேன், இதற்காகத்தான் பேனாவை எடுத்தேன்.

என்னிடம் படித்த பையன் ஒருவன், கொழும்பில் உடுப்புக்கடையில் வேலை செய்து 2022இல் கடை ஆளைக் குறைத்தபோது வீட்டுக்குத் திரும்பி வந்தவன். ஒரு நாளைக்கு 13 மணி நேரம் வரை கரண்ட் வெட்டினார்களே, அந்தக் காலம்தான். வேலையில்லாமல் இருந்தவன் தன் போனை வைத்துக்கொண்டு தன் அம்மாவை எடுக்க ஆரம்பித்தான். விடியற்காலை நாலு மணிக்கு அடுப்பு பற்றவைப்பதில் இருந்து, பின்னேரம் கொழுந்து நிறுக்கும்போது தராசைப் பார்க்கிற அந்தக் கண் வரைக்கும். கதை என்று பெரிதாக ஒன்றும் இல்லை. பதினெட்டு நிமிடம். போனிலேயே வெட்டி ஒட்டி, தங்கச்சியைப் பேச வைத்து முடித்துவிட்டான். அதை ஒரு தொலைக்காட்சிக்குக் கொண்டுபோனான், தரம் போதாது, நடிகர்கள் யாரும் இல்லை என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். யூடியூபில் போட்டான், முந்நூறு பேர் பார்த்தார்கள்.

நான்தான் சொன்னேன், நம்ம ஆட்களுக்கே காட்டுவோம் என்று. டியூசன் வகுப்பு ஒன்றில் இருந்து சின்னப் புரொஜெக்டர் ஒன்றை இரவல் வாங்கினோம், கோயில் சுவருக்குப் பக்கத்தில் கம்பு நட்டு வேட்டி கட்டினோம். அப்பா இருந்திருந்தால் வேட்டியை இன்னும் இழுத்துக் கட்டச் சொல்லியிருப்பார், நடுவில் தொய்வாகத்தான் இருந்தது. இருநூறு பேருக்கு மேல் வந்தார்கள், மேட்டு லயம், பள்ளத்து லயம், ஸ்டோர் லயம் எல்லாம். முதல் காட்சியில் பீலிக்கரை வந்தது, தண்ணீர் விழுகிற சத்தத்தோடு. ஒரு பொம்பளை எழுந்து நின்று, "ஏய், நம்ம பீலிடி!" என்று கத்தினார். அவ்வளவுதான், கூட்டம் முழுக்கச் சிரிப்பு. அதற்குப் பிறகு ஒவ்வொரு காட்சிக்கும் யாராவது பெயர் சொன்னார்கள், அது என்னோட கூடை, அது பத்தாம் நம்பர் மலை, அந்த நாய் எங்க வீட்டு நாய். தராசுக் காட்சி வந்தபோது மட்டும் சத்தம் அடங்கியது. கணக்கில் ரெண்டு கிலோ குறைத்துச் சொல்வதைக் கேட்டு அந்தப் பையனின் அம்மா படத்தில் ஒன்றும் பேசாமல் கூடையைத் தூக்கிக்கொண்டு திரும்புவார். வேட்டிக்கு முன்னால் உட்கார்ந்திருந்த அத்தனை பெண்களும் அப்படியே அசையாமல் இருந்தார்கள். அந்த அம்மா என் பக்கத்தில்தான் இருந்தார், முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு. முடிந்ததும் மறுபடி போடச் சொன்னார்கள். மூன்று தரம் போட்டோம்.

என் வயதில் எத்தனையோ படம் பார்த்துவிட்டேன், அப்பாவின் மெசின் ரூமில் நின்று ஒரே படத்தை நாற்பது தரம்கூடப் பார்த்திருக்கிறேன். ஒரு சனம் தன்னைத் தானே திரையில் பார்க்கிறதை அன்றைக்குத்தான் முதன்முதல் பார்த்தேன்.

அதனால் உங்களிடம் கேட்பது இதுதான். உங்கள் பத்திரிகையில் வாரம் நாலு பக்கம் சினிமா வருகிறது. எந்த நடிகர் எந்தப் படத்தில் ஒப்பந்தமானார், யாருக்கு எத்தனை கோடி சம்பளம், அதெல்லாம் எங்கள் பிள்ளைகள் போனில் ஒரு நாள் முந்தியே பார்த்துவிடுகிறார்கள், நீங்கள் போடும்போது அது பழைய செய்தி. அந்த நாலு பக்கத்தில் அரைப் பக்கம் எங்களுக்குத் தாருங்கள். மஸ்கெலியாவில், தலவாக்கலையில், பண்டாரவளையில், மாத்தளையில் போனில் படம் எடுக்கும் பிள்ளைகள் இருக்கிறார்கள். ஒருவனை ஒருவனுக்குத் தெரியாது. யார் என்ன எடுத்தார்கள், எங்கே காட்டினார்கள் என்று போடுங்கள். நல்லா இல்லை என்றால் நல்லா இல்லை என்றே எழுதுங்கள், ஆனால் பார்த்துவிட்டு எழுதுங்கள். சென்னைப் படத்துக்கு விமர்சனம் எழுதுகிற அதே ஆள் ஒரு தடவை இங்கே வந்து, வேட்டிக்கு முன்னால் சனத்தோடு உட்கார்ந்து பார்த்து எழுதினால் அந்தப் பிள்ளைகளுக்கு அது எவ்வளவு பெரிய விசயம் என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை.

தோட்டங்களில் கலாசார மண்டபம் என்று கட்டி வைத்திருக்கிறார்கள், வருடத்தில் பாதி நாள் பூட்டித்தான் கிடக்கிறது, சாவி யாரிடம் என்பதே பெரிய கேள்வி. தொழிற்சங்கத் தலைவர்மாரும் உங்கள் பத்திரிகையை வாசிக்கிறார்கள். மாதம் ஒரு ராத்திரி அந்தக் கதவைத் திறந்துவிட்டால் போதும், மிச்சத்தைப் பிள்ளைகள் பார்த்துக்கொள்வார்கள். மியூசிக்கல் ஷோவுக்குச் செலவாகிற காசில் ஒரு புரொஜெக்டரே வாங்கிவிடலாம்.

இன்னொன்று. அந்தப் பையனும் அவன் கூட்டாளிகள் மூன்று பேரும் இந்த வருடம் எங்கள் டிவிசன் காமன் கூத்தை முழுவதும் எடுக்கப் போகிறார்கள், வாத்தியாரின் பாட்டு அத்தனையும். அவரும் சம்மதித்துவிட்டார், தினமும் பின்னேரம் அவர் வீட்டு இஸ்தோப்பில் உட்கார்ந்து ஒருவன் கொப்பியில் எழுதிக்கொள்கிறான், இன்னொருவன் போனில் பதிகிறான். மாசி அமாவாசை கழிந்து காமன் ஊன்றுவார்கள், பௌர்ணமியை ஒட்டி எரிப்பு. உங்கள் நிருபர் ஒருவரை அனுப்பி வையுங்கள். ஹட்டனில் இருந்து பஸ் இருக்கிறது, கடைசி பஸ் ஆறரைக்கு, அதைப் பிடிக்கச் சொல்லுங்கள். தங்குவதற்கு என் வீடு இருக்கிறது. கம்பளி ஒன்று கொண்டுவந்தால் நல்லது, மன்மதனை எரிக்கும்போது விடியற்காலை மூன்று மணி தாண்டிவிடும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற தோட்டப் பாடசாலை ஆசிரியர்,
பொகவந்தலாவை.